சனிக்கிழமை ஓடிய உரு

உரு ஓடிய அன்று பின்கயிற்றுக் கம்பத்தின் பக்கத்தில் இருந்தவர்கள் நான்கு பேர். கலாசிகளின் தலைவர் இம்பிச்சாலி மூப்பன். கயிறு பிடித்த அவருடைய தம்பி உஸ்ஸன். உருவைக் கட்டிய தச்சர் வேலாயுதன் மேஸ்திரி. கத்தார் முதலாளிக்காக இங்கே காரியம் பார்க்கும் ஆலிக்கோயா ஹாஜி. ஐந்தாவதாக ஒருவர் கிடையாது. தாவர் என்ற கயிறு இழுக்கும் ராட்டினங்களைச் சுற்றிய முப்பத்திரண்டு கலாசிகளும் ஆப்பு வைத்த இருவரும் ஆற்றுப் பக்கம் இருந்தார்கள். அவர்களுக்கும் கம்பத்துக்கும் நடுவில் தொண்ணூறு அடி நீளத்துக்கு மரச்சுவர் மாதிரி உரு நின்றது. அன்று நடந்ததைத் தேநீர்க்கடையிலிருந்து பார்த்ததாகச் சிலர் சொல்கிறார்கள். அந்தக் கடையிலிருந்து கம்பம் தெரியாது.

சாலியாற்றங்கரையில் உரு என்ற மரக்கப்பலைக் கட்டுவது ஒருவர் வேலை, அதை ஆற்றில் இறக்குவது இன்னொருவர் வேலை. தச்சர் இரண்டு வருடம் செதுக்கிக் கட்டியதைக் கலாசிகள் மூன்றே நாளில் தண்ணீருக்குக் கொண்டுபோவார்கள். உருவில் கலாசியின் கயிறு ஏறிய நேரம் முதல் தச்சர் அதைப் பற்றி வாய் திறக்கக்கூடாது. கலாசியும் தச்சரிடம் ஒன்றும் கேட்க மாட்டார். கேட்டால், கை தெரியாதவன் என்று பொருள். இதையெல்லாம் யாரும் எழுதி வைக்கவில்லை. ஆனால் இம்பிச்சாலியின் வாப்பா காலத்தில் ஒரு தச்சர், "கொஞ்சம் இடப்பக்கம் தள்ளிப் போகுதே" என்று சொல்லிவிட்டார். கலாசிகள் கயிற்றைச் சுருட்டித் தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டார்கள். தச்சர் வீடு வரை வந்து சமாதானம் சொன்ன பிறகுதான் கயிறு மறுபடி ஏறியது.

இம்பிச்சாலியின் குடும்பம் நான்கு தலைமுறையாக உரு இறக்குகிறது. அவர்கள் கையில் ஒரு உருவும் ஓடியதில்லை. இறங்குவது வேறு, ஓடுவது வேறு. உருளை மரங்களின் மேல் ஒரு முழம் இழுத்து, ஆப்பு வைத்து, மூச்சு விட்டு, மறுபடி ஒரு முழம் இழுத்துக் கொண்டுபோனால் இறங்குவது. ஆப்பையும் கயிற்றையும் மீறி உரு தன் போக்கில் போனால் அது ஓடுவது. ஓடவிட்டவனை அதற்குப் பிறகு யாரும் மூப்பன் என்று கூப்பிட மாட்டார்கள். பேரைச் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். ஆற்றின் அக்கரையில் அப்படிப் பேர் மட்டும் மிஞ்சிய ஒரு குடும்பம் இருந்தது. இம்பிச்சாலி அந்த வீட்டைக் கடக்கும்போது எப்போதும் தலையைத் திருப்பிக்கொள்வார்.

உருவுக்கு ஒரு வீம்பு உண்டு என்று கலாசிகள் சொல்வார்கள். நிற்கும்போது நகர மாட்டேன் என்று நிற்கும், நகர்ந்துவிட்டால் நிற்க மாட்டேன் என்று போகும். இரண்டும் ஒரே வீம்பு. உருவில் சரக்கு எவ்வளவோ வீம்பும் அவ்வளவு. அதனால் இம்பிச்சாலி வேலையின் முதல் நாள் காலையில் உருவின் வயிற்றில் உள்ளங்கையை வைத்துக்கொண்டு ஆட்களை இழுக்கச் சொல்வார். கயிறு விறைத்த நேரத்துக்கும் உரு அசைந்து வேகம் பிடித்த நேரத்துக்கும் நடுவே எத்தனை மூச்சு என்று பார்ப்பார். அதை வைத்துத்தான் பின்கயிற்றைக் கம்பத்தில் எத்தனை சுற்றுச் சுற்றுவது என்று முடிவாகும். முன்னால் இழுப்பதற்கு முப்பது பேர் இருப்பார்கள். பின்னால் பிடித்து நிறுத்துவதற்கு அந்தக் கம்பமும் சுற்றும்தான்.

வியாழக்கிழமை காலையில் அவர் கை வைத்துப் பார்த்து, மூன்று சுற்று என்றார். அன்று முழுவதும் மூன்று சுற்றில் உரு சொன்னபடி கேட்டது. வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகைக்குப் போனவர்கள் திரும்புவதற்குள் மழை பிடித்துக்கொண்டது. துலா மாதத்து மழை, சாயங்காலம் வரை விடவில்லை. வேலை நடக்கவில்லை.

சனிக்கிழமை மதியத்துக்குள் இம்பிச்சாலி களைத்துப்போயிருந்தார். வயது அறுபத்து நான்கு. வலது முழங்கால் வீங்கியிருந்தது. முந்தைய இரண்டு இரவும் தூக்கம் இல்லை. கஞ்சியும் மத்தி வறுத்ததும் வந்தது. கஞ்சியை மட்டும் குடித்துவிட்டு மீனைத் தம்பியின் தட்டில் தள்ளினார். வேலியேற்றம், அதாவது ஆற்றில் தண்ணீர் உச்சத்துக்கு ஏறும் நேரம், நாலேகாலுக்கு. உரு தண்ணீரைத் தொட இன்னும் நாற்பது அடி இருந்தது. இந்தப் பௌர்ணமி வேலியை விட்டால் இன்னும் பதினைந்து நாள்.

"மூப்பரே, இன்னிக்கி இறங்கிடும்தானே?" என்று ஹாஜி மூன்றாவது முறையாகக் கேட்டார். "கப்பல ஓட்டப்போற நகுதா திங்கக்கிழமை வர்றாரு. தண்ணியில நிக்கிற கப்பலத்தான் அவருக்குக் காட்டணும். கரையில நிக்கிறதப் பாக்கவா கத்தார்லேர்ந்து வர்றாரு?"

"ஹாஜியாரே, நீங்க குடையப் பிடிச்சிக்கிட்டுத் தள்ளி நில்லுங்க. நான் உருவப் பிடிச்சிக்கிறேன்."

தொழுகை முடிந்து தாவர்களில் ஆள் ஏறியது. "ஐலேசா" என்று முன்பாட்டுக்காரன் குரல் கொடுக்க, முப்பத்திரண்டு பேரும் கம்புகளில் நெஞ்சை வைத்துத் தள்ளிச் சுற்றினார்கள். கப்பிகள் முனகின. கயிறு விறைத்தது. உரு அசையவில்லை. இன்னும் இரண்டு மூச்சு போனது. பிறகு அசைந்தது. ஒரு முழம் வந்தது. ஆப்பு வைத்தார்கள். ஆப்பு மரத்தில் ஏறிய சத்தம் வழக்கத்தைவிடக் கனமாக இருந்தது.

அடுத்த முழமும் அப்படித்தான் வந்தது. ஆட்களுக்கு அதற்குள் வாய் உலர்ந்துவிட்டது.

"இன்னிக்கி நம்மாளுங்க கஞ்சி குடிச்சாங்களா, கண்ணால பாத்துட்டு வந்தாங்களா?" என்று இம்பிச்சாலி கத்தினார்.

"குடிச்சது கஞ்சிதான் மூப்பரே. பிரியாணியா போட்டீங்க?" என்று உருவுக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு குரல் வந்தது. சிரித்தார்கள். ஆனால் சிரிப்பில் மூச்சு வாங்கியது.

இம்பிச்சாலி உருவின் அருகே போகவில்லை. மழையில் ஊறிய உருளை மரம் உப்பிக்கொள்ளும், அடியில் போட்ட பலகையில் மணல் ஏறும். அப்படி ஒட்டிக்கொண்ட உருவை அவர் வாழ்நாளில் ஒரு இருபதாவது பார்த்திருப்பார். முழங்கால் வலியோடு அறுபது அடி நடந்து போய் உள்ளங்கையை வைத்துத் தெரிந்துகொள்ள இதில் ஒன்றும் இல்லை என்று நினைத்தார்.

கம்பத்தில் பின்கயிற்றைச் சிறிது சிறிதாக விட்டுக்கொண்டிருந்த உஸ்ஸன் திரும்பிப் பார்த்தான்.

"இக்கா, இது ஒட்டுறது மாதிரி இல்ல."

"பின்ன?"

"ஒட்டுனா வெடுக்குன்னு விடும், கயிறு அதிரும். இது அதிரல. வழவழன்னுதான் வருது. ஆனா சோம்பலா வருது. நிக்கிறப்பவும் சோம்பலா நிக்கிது. ஆப்ப ஒரு சாண் இழுத்துட்டுத்தான் நின்னுச்சு."

"சோம்பல் உருவுக்கில்லடா, உனக்கு. மத்தி மூணு சேத்துத் தின்னியே."

"மத்தி நீங்க தள்ளுனது. நான் சொல்றதக் கேளுங்க. ஒருக்கா போயி கை வச்சுப் பாத்துருங்க."

"அம்பது வயசாகியும் மழைக்கு ஊறுன மரத்தத் தெரியல உனக்கு. கயித்தப் பாரு."

வேலாயுதன் மேஸ்திரி பத்தடி தள்ளி நின்று பீடி குடித்துக்கொண்டிருந்தார். அவர் இருமினார். இம்பிச்சாலி அவரைப் பார்த்தார். மேஸ்திரி பீடியின் நுனியைப் பார்த்தார். தச்சர் இருமினால் கலாசி காரணம் கேட்பதில்லை.

"மீனெண்ணெய் கொண்டாங்கடா," என்றார் இம்பிச்சாலி. "நாலு டின்னும். பலகை முழுக்க ஊத்துங்க."

ஊற்றினார்கள். ஆற்றங்கரை முழுவதும் சுறா எண்ணெய் நாறியது. ஹாஜி கைக்குட்டையால் மூக்கை மூடிக்கொண்டார். அடுத்த இழுப்பில் உரு முன்பைவிடச் சீக்கிரம் அசைந்தது. தாவர்ப் பக்கமிருந்து உற்சாகமாகக் கூவினார்கள். இம்பிச்சாலி தம்பியைப் பார்த்துப் புருவத்தை உயர்த்தினார். உஸ்ஸன் மூன்றாவது சுற்றுக்கு மேல் நான்காவது சுற்றை எடுக்கக் கயிற்றின் வாலை இழுத்தான்.

"மூணு போதும். நாலு போட்டா அவனுங்க நெஞ்சு வெடிச்சிரும்."

"இக்கா..."

"மூணுன்னா மூணு."

கடைசி முப்பதடியில் கரை சரியும். அங்கேதான் அது நடந்தது. இழுப்பு நின்ற பிறகும் உரு நிற்கவில்லை. ஆப்பை ஒரு முழம் தள்ளிக்கொண்டு போனது. இரண்டாவது ஆப்பு எண்ணெயில் வழுக்கித் தெறித்தது. தாவர்க் கயிறுகள் தொய்ந்து மணலில் விழுந்தன. இழுப்பவர்கள் யாரும் இழுக்கவில்லை, ஆனாலும் உரு போய்க்கொண்டிருந்தது. பெரிய வேகம் இல்லை. ஒரு ஆள் நடக்கிற வேகம்தான். தெரியாதவர்கள் பார்த்தால் அழகாகப் போகிறது என்று சொல்லியிருப்பார்கள்.

பின்கயிறு கம்பத்தில் கீச்சிட்டது. புகை வந்தது. உஸ்ஸன் பின்னால் சாய்ந்து, குதிகாலை மணலில் ஊன்றிப் பிடித்தான். பிடிக்க முடியவில்லை. நான்காவது சுற்றை எடுத்தான். அதை எடுக்கக் கயிற்றைத் தளர்த்திய நொடியில் தரையில் கிடந்த மடிப்பு எழுந்து அவன் இடது கணுக்காலைச் சுற்றிக்கொண்டது. அவன் விழுந்தான். கயிறு அவனைக் கம்பத்தை நோக்கி இழுத்தது.

ஹாஜி குடையைப் போட்டுவிட்டு ஓடினார். எந்தப் பக்கம் ஓடினார் என்று சொல்ல வேண்டிய அவசியம் இல்லை.

இம்பிச்சாலிக்கு முழங்கால் வலி நினைவில் இல்லை. ஆப்பு செதுக்கும் கோடாலி கம்பத்தடியில் கிடந்தது. எடுத்தார். விறைத்து நின்ற கயிற்றைப் பார்த்தார். அந்தக் கயிறு நிற்கிறவரை உருவுக்கு ஒரு பிடி இருந்தது. நான்கு சுற்று விழுந்துவிட்டது, வேகமும் ஒரு துளி குறைந்திருந்தது. இன்னும் பத்தடி பொறுத்தால் ஒருவேளை நின்றிருக்கும். தம்பியின் கால் கம்பத்துக்கு இரண்டடியில் இருந்தது.

வெட்டினார். முதல் வெட்டு பாதிக்குப் போனது. இரண்டாவதில் கயிறு போய்விட்டது. அறுந்த முனை காற்றில் சீறிக்கொண்டு உருவின் பின்னால் ஓடியது.

அதற்குப் பிறகு உருவைத் தடுக்க ஒன்றும் இல்லை. அது சரிவில் இறங்கி ஆற்றில் விழுந்தது. தண்ணீர் இரண்டு பக்கமும் சுவராக எழுந்து தாவர்களின் மேல் கொட்டியது. ஆட்கள் நனைந்தபடி கூவினார்கள், உரு இறங்கிவிட்டது என்று. அது ஓடியதுதான் என்று அவர்களுக்கு இன்னும் தெரியாது. உரு மிதந்தது. கரையில் முப்பத்திரண்டு பேரின் உயிரை வாங்கிய கனம் முழுவதையும் ஆறு ஏந்திக்கொண்டது. ஆனால் அது நிற்கவில்லை. ஆற்றின் குறுக்கே நேராகப் போய்க்கொண்டே இருந்தது. நடுவில் அக்கரைக்கு ஆள் ஏற்றும் கடத்துத் தோணியில் இருந்த ஒருவன், மிதக்கிற பொருள்தானே என்று நினைத்து மூங்கில் கழியை அதன் வயிற்றில் ஊன்றினான். கழி பிளந்தது, அவன் தண்ணீரில் விழுந்தான். உரு அக்கரைச் சேற்றில் போய்க் குத்திச் சாய்ந்து நின்றது. சுக்கான் முறிந்த சத்தம் இக்கரை வரை கேட்டது.

இம்பிச்சாலி அதைப் பார்க்கவில்லை. தம்பியின் காலில் இருந்து கயிற்றை உருவிக்கொண்டிருந்தார். கணுக்கால் வேண்டாத பக்கம் திரும்பியிருந்தது.

"போச்சா இக்கா?" என்று உஸ்ஸன் பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டான்.

"போச்சு."

"காலக் கேக்கல. உரு."

"அதத்தாண்டா சொன்னேன்."

சாயங்காலம் ஆஸ்பத்திரி வாசலில் வேலாயுதன் மேஸ்திரி வந்து நின்றார். உள்ளே வரவில்லை. இம்பிச்சாலி வெளியே போனார். இருவரும் மதிலோரம் நின்றார்கள். முப்பது வருடப் பழக்கம். ஒருவர் வீட்டுக் கல்யாணத்துக்கு ஒருவர் போயிருக்கிறார்கள். ஆனால் உருவைப் பற்றி இருவரும் பேசிக்கொண்டதே கிடையாது.

"மூப்பரே, கயிறு போயிருச்சு. இனி நான் பேசலாம்."

"பேசுங்க."

"வெள்ளிக்கிழம நீங்க எல்லாரும் பள்ளிவாசலுக்குப் போனப்ப நாலு லாரி வந்துச்சு, கிரேனும் வந்துச்சு. கப்பல் சாயாம இருக்க அடியில போடுற இரும்புக் கட்டி. நாப்பது டன். அடித்தட்டுல இறக்கி மேல பலகையப் போட்டு மூடிட்டாங்க. தண்ணியில இறங்குன பிறகு ஏத்தணும்னா தோணி வேணும், நேரம் ஆகும்னு ஹாஜியார் சொன்னாரு. உங்ககிட்டச் சொல்லியாச்சுன்னும் சொன்னாரு. லாரிச் சுவடு மழையில போயிருச்சு."

இம்பிச்சாலி மேஸ்திரியின் முகத்தைப் பார்த்தார்.

"நீங்க இருமுனீங்க," என்றார்.

"இருமுனேன்."

"இன்னும் கொஞ்சம் சத்தமா இருமியிருக்கலாம்."

மேஸ்திரியின் கண் கலங்கியது. "ஒரு வார்த்த கேட்டிருக்கலாமே மூப்பரே நீங்க. 'ஏதாச்சும் ஏத்துனாங்களா'ன்னு ஒரு வார்த்த."

"தச்சன்கிட்டயா?" என்றார் இம்பிச்சாலி. கோபமில்லாமல்தான் சொன்னார். சொல்லிவிட்டு மதிலில் சாய்ந்துகொண்டார். 

மேஸ்திரி போன பிறகு அவர் அங்கேயே நின்று யோசித்தார். ஹாஜி மறைத்தது உண்மைதான். ஆனால் உரு எதையும் மறைக்கவில்லை. அசையாமல் இரண்டு மூச்சு அதிகம் நின்றது. வேகம் பிடிக்க நேரம் எடுத்தது. ஆப்பைத் தள்ளிக்கொண்டு போனது. தாமதமாகப் புறப்படும் உரு தாமதமாகத்தான் நிற்கும் என்று அது மதியம் முழுவதும் சொல்லிக்கொண்டிருந்தது. தம்பிக்குக்கூடக் கயிற்றின் வழியாகக் கேட்டது. இவருடைய காதில் மட்டும் அது ஊறிய மரமாக விழுந்தது. ஒட்டுதலுக்கு எண்ணெய் மருந்து. உள்ளே இருக்கிற சரக்குக்கு எண்ணெய் என்ன செய்யும்? பலகையைத்தான் வழுக்கவைக்கும். உருவின் வீம்பு ஒரு துளி குறையாது. அவர் நான்கு டின் எண்ணெயைக் கொட்டி, பிடித்துக்கொண்டிருந்த ஒன்றையும் விலக்கிவிட்டார். சுற்றையும் கூட்டவிடவில்லை. இதில் ஹாஜியின் பங்கு எவ்வளவு, தன் பங்கு எவ்வளவு என்று பிரித்துப் பார்க்க அவருக்குத் தெம்பு இல்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் ஹாஜி ஆரஞ்சுப் பழங்களோடு ஆஸ்பத்திரிக்கு வந்தார். உஸ்ஸனின் கட்டுப்போட்ட காலைப் பார்த்து உச்சுக் கொட்டினார். பிறகு இம்பிச்சாலியைத் தாழ்வாரத்துக்கு அழைத்துப் போனார்.

"நாளைக்கி நகுதா கேப்பாரு. கயிறு அறுந்திருச்சுன்னு சொல்லிடுவோம். மழையில நனஞ்ச கயிறு, பழைய கயிறு, அல்லாவோட விதி. யாரு மேலயும் குத்தம் இல்ல. வெட்டுனீங்கன்னு சொன்னா ஏன் வெட்டுனீங்கன்னு கேப்பாரு. ஏன் ஓடுச்சுன்னு கேப்பாரு. எண்ணெய் யாரு ஊத்துனான்னு வரும்."

"இரும்பு யாரு ஏத்துனான்னும் வரும்."

ஹாஜி குரலைத் தாழ்த்தினார். "ரெண்டும் வரும். அதனாலதான் சொல்றேன். தைமாசம் அடுத்த உரு தயாராகுது. அதுலயும் உங்க கயிறுதான் ஏறணும்னு எனக்கு ஆச."

இம்பிச்சாலி அறைக்குள் வந்தார். உஸ்ஸன் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தான்.

"கேட்டுச்சு," என்றான். "கயிறுன்னே சொல்லிருங்க இக்கா. கயித்துக்கென்ன மானமா இருக்கு? அது வந்து அழப்போகுதா?"

"நம்ம வீட்டுக் கயிறுடா அது."

"நம்ம வீட்டுக் காலு இது. இதுக்கு அடுத்த உருவுல வேல வேணும். உக்காந்துகிட்டு எண்ணிச் சொல்றதுக்காச்சும்."

இம்பிச்சாலி கட்டில் விளிம்பில் உட்கார்ந்தார். மறுக்க நினைத்தார். ஆனால் சரி என்று சொல்லிவிட்டால் போய்ப் படுத்துக்கொள்ளலாம். எல்லோருக்கும் அதுதான் வேண்டியிருந்தது. அவருக்கும்தான்.

"பாப்போம்," என்றார்.

திங்கட்கிழமை ஹாஜியின் அலுவலகத்தில் நகுதா ஜாசிம் உட்கார்ந்திருந்தார். அந்த உருவைக் கடலில் ஓட்டப்போகிறவர். வெயிலில் கறுத்த கிழவர். அவருக்கு அரபி மட்டும்தான் தெரியும். ஹாஜிதான் மொழி மாற்றினார். பாலில்லாத தேநீர் வந்தது. நகுதா ஏதோ கேட்டார்.

"பின்கயிறு என்ன ஆச்சுன்னு கேக்குறாரு," என்றார் ஹாஜி.

இம்பிச்சாலி தேநீர்க் கண்ணாடியைக் கீழே வைத்தார். வீட்டிலிருந்து நடந்து வரும்போது, அறுந்தது என்று சொல்வதாகத்தான் முடிவு செய்திருந்தார். இப்போது நகுதாவின் கைகளைப் பார்த்தார். கயிறு தேய்த்துத் தழும்பேறிய கைகள், அவருடைய கைகளைப் போலவே. அந்தக் கைகளின் முன்னால் தன் கயிற்றைப் பழித்துச் சொல்ல வாய் எழவில்லை.

"நான் வெட்டினேன்," என்றார்.

ஹாஜி அரபியில் சொன்னார். நகுதா வருத்தமாகத் தலையசைத்து, எழுந்து வந்து இம்பிச்சாலியின் தோளைத் தட்டினார். வானத்தைக் காட்டி ஏதோ ஆறுதல் சொன்னார்.

சொன்னதற்கு இது பதில் இல்லை என்று இம்பிச்சாலிக்குப் புரிந்தது. அவர் ஹாஜியைப் பார்த்தார். ஹாஜி தேநீரைக் கலக்கிக்கொண்டிருந்தார்.

இம்பிச்சாலி எழுந்து வெளியே போனார். காலை இழுத்துக்கொண்டு கரை வரை நடந்தார். கம்பத்தில் இன்னும் சுற்றியே கிடந்த கயிற்றை அவிழ்த்து, அதன் முனையைத் தோளில் போட்டு இழுத்துக்கொண்டு வந்தார். மழையில் நனைந்த கயிறு. அலுவலகம் வந்து சேர நெடுநேரம் ஆயிற்று. வழியில் யாரோ உதவிக்கு வந்தார்கள், வேண்டாம் என்றார். உள்ளே வந்து முனையை மேசை மேல், நகுதாவின் தேநீருக்குப் பக்கத்தில் வைத்தார்.

கயிறு தானாக அறுந்தால் நுனி துடைப்பம் மாதிரி விரியும், நார் ஒவ்வொன்றும் ஒவ்வொரு நீளத்தில் நிற்கும். இது பலாப்பழத்தை வெட்டியது போல் தட்டையாக இருந்தது. நகுதா கட்டைவிரலால் அதைத் தடவினார். பிறகு கயிற்றின் உடலை முறுக்கிப் பார்த்தார், மூக்கருகே கொண்டுபோய் முகர்ந்தார். நல்ல கயிறு என்று கையால் காட்டினார். ஹாஜியின் பக்கம் திரும்பி ஒரே ஒரு சொல் கேட்டார். ஏன் என்பதற்கு அரபி தெரிய வேண்டியதில்லை.

"சொல்லுங்க ஹாஜியாரே," என்றார் இம்பிச்சாலி. "இந்தத் தடவ நான் சொல்றதச் சொல்லுங்க. வியாழக்கிழம இருந்த கனம் சனிக்கிழம இல்ல. கூடியிருந்துச்சு. எனக்குத் தெரியல. தெரிஞ்சிருக்கணும். ஒட்டுதுன்னு நெனச்சு எண்ணெய் ஊத்துனேன். மூணு சுத்துக்கு மேல வேணாம்னேன். ஓடுச்சு. என் தம்பி காலு மாட்டிக்கிச்சு. வெட்டினேன். கயித்து மேல குத்தம் இல்ல."

ஹாஜி சொன்னார். இந்த முறை நீளமாகச் சொன்னார், நெற்றி வியர்த்தது. நகுதா நடுவில் நிறுத்தி, கனம் எப்படிக் கூடியது என்று கேட்டிருக்க வேண்டும். அதற்குப் பிறகு அவர் குரல் உயர்ந்தது, ஹாஜியின் குரல் இறங்கியது. இம்பிச்சாலி அதற்குக் காத்திருக்கவில்லை. கயிற்றை மேசையிலிருந்து எடுத்துக்கொண்டு வெளியே வந்தார். திரும்பிப் போகும்போது அது இன்னும் கனத்தது.

தை மாதத்து உருவை இறக்க அக்கரைக் கலாசிகள் வந்தார்கள். நகுதா அப்படிச் சொன்னாரா, ஹாஜி முடிவு செய்தாரா என்று தெரியவில்லை. இம்பிச்சாலி கேட்டுக்கொள்ளவும் இல்லை. உஸ்ஸன் ஊன்றுகோலோடு போய் வேடிக்கை பார்த்துவிட்டு வந்தான். ஐந்து சுற்றுப் போட்டார்கள், உரு ஒழுங்காக இறங்கியது என்று சொன்னான். "உள்ள என்ன இருக்குன்னு தச்சன்கிட்டக் கேட்டாங்க இக்கா. எல்லாரும் கேக்க, சத்தமாவே கேட்டாங்க. மேஸ்திரியும் சொன்னாரு."

"அவனுங்களுக்குக் கை தெரியாது," என்றார் இம்பிச்சாலி. சிறிது நேரம் கழித்து, "நல்லதுதான்," என்றார். பிறகு சுவர் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

கடைத்தெருவில் இப்போது அவரைப் பேர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். அவர் திரும்பிப் பார்க்கிறார்.

உரு ஓடியது உண்மை. அதைக் குடும்பத்தில் யாரும் மறுக்கவில்லை. ஆனால் இம்பிச்சாலி வீட்டுக் கயிறு இற்றுப்போயிருந்தது, பாரம் தாங்காமல் அன்று அறுந்துவிட்டது என்று கரையில் இன்னும் ஒரு பேச்சு உலவுகிறது. அது பொய். கயிறு அறுந்துபோகவில்லை. வெட்டப்பட்டது.